மஞ்சள் சீட்டில் மடிப்பதில்லை

நான்கு சட்டைப் பொத்தான்களை உள்ளங்கையில் குலுக்கிப் பார்த்துவிட்டு, கவுன்டருக்கு அடியிலிருந்து ஒரு நீலக் காகிதத்தை உருவினாள் எல்பிதியா மொன்சோன். அதில் பல் தெரியச் சிரித்துக்கொண்டிருந்தவர் போன தேர்தலில் எதிரணி வேட்பாளர். அவர் மூக்கின்மேல் பொத்தான்களைக் குவித்தாள். இரண்டு காதுகளையும் உள்ளே மடித்தாள். நெற்றியை இழுத்துத் தாடைக்குள் செருகி, உதட்டிடுக்கில் தயாராக வைத்திருந்த குண்டூசியை எடுத்து நச்சென்று குத்தினாள்.

"பத்திரமா கொண்டு போங்க. பொத்தானைச் சொன்னேன். ஆளை எங்க வேணும்னாலும் தொலைச்சுக்கலாம்."

வில்யா அசுந்தா என்ற அந்தச் சிறு ஊரில் ஊசி, நூல், ஜிப், எலாஸ்டிக் எது வாங்கினாலும் அவள் கடையில் இப்படித்தான் கிடைக்கும். தேர்தல் முடிந்த சாயங்காலம் பள்ளிக்கூடத்தில் ஓட்டுச் சீட்டுகள் கட்டுக்கட்டாக மிஞ்சிக் கிடக்கும். ஊர்க்காரர்கள் அதை அள்ளிக்கொண்டு போய் அடுத்த ஞாயிறு மாட்டிறைச்சி சுடுகிற அடுப்பில் போட்டுப் பற்றவைப்பார்கள். எல்பிதியாவோ கடைக்குக் கொண்டுவந்து அடுக்கிவிடுவாள். நீலம், சிவப்பு, பச்சை என்று எதிரிகள் அத்தனை பேரும் அவளுக்காக வருஷக்கணக்கில் பொத்தான் சுமந்தார்கள். மஞ்சள் சீட்டில் மட்டும் அவள் ஓர் ஊக்கைக்கூட மடித்ததில்லை. மஞ்சள் அவளுடைய கட்சி. மிஞ்சிய மஞ்சள் சீட்டெல்லாம் உள்ளறையில் இருக்கும் பெரிய பிஸ்கட் டின்னுக்குள் போய்விடும். விவரம் தெரியாமல் யாராவது ஏனென்று கேட்டால் கண்ணாடியை மூக்கு நுனிக்கு இறக்கிவிட்டு அவர்களைப் பார்ப்பாள். "அது காகிதம் இல்லம்மா, ஓட்டு. ஓட்டுல யாராவது ஊக்கு மடிப்பாங்களா?"

எதிர்ப்புறம் சைக்கிள் கடை வைத்திருந்த ஃபெர்மின் அகோஸ்தா பெரோன் என்ற பழைய ஜனாதிபதியின் கட்சியில் பரம்பரை ஆள், அதாவது நீலச் சீட்டுக்காரர். அவருடைய சட்டையில் பொத்தான்கள் எல்லாம் ஒழுங்காகத்தான் இருக்கும். ஆனாலும் வாரத்துக்கு ஒருமுறையாவது சாலையைக் கடந்து வந்து ஒரு பொத்தான் வாங்குவார்.

"இன்னிக்கு எங்க ஆளுல யார் மூஞ்சி, தோனியா?"

"யார் மூஞ்சியா இருந்தா என்ன, எல்லாம் ஒரே மூஞ்சிதானே, தோன் ஃபெர்மின்."

இப்படி 'தோன்', 'தோனியா' என்று மரியாதை குறையாமல், நீங்க நாங்க என்று பேசிக்கொண்டே ஒருவரையொருவர் குத்திக்கொள்வது அவர்களுக்கு வழக்கமாகிவிட்டது. நாட்டில் மறுபடி ஓட்டுப் போட விட்ட நாளிலிருந்து, பள்ளிக்கூடத்தில் ஒரே மேசையில் அவள் மஞ்சளுக்கும் அவர் நீலத்துக்கும் பூத் ஏஜென்டாக உட்கார்ந்திருக்கிறார்கள். ஒருமுறைகூட அவள் அவருடைய மாத்தேயை உறிஞ்சியதில்லை. இலைச்சாறு ஊற்றிய சுரைக்குடுக்கையும் குழாயும் மேசையைச் சுற்றி ஒவ்வொரு கையாக வரும். அவள் முறை வரும்போது பின்னல் ஊசியைத் தூக்கிக்கொள்வாள். "வயிறு சரியில்ல" என்பாள். ஒவ்வொரு தேர்தலிலும் அவளுக்கு வயிறு சரியில்லாமல்தான் இருந்தது.

அங்கே ஓட்டுப் போடும் முறை அப்படி. அந்தந்தக் கட்சி தன் சீட்டைத் தானே அச்சடித்துக்கொள்ள வேண்டும். ஜன்னலெல்லாம் காகிதம் ஒட்டிய ஒரு வகுப்பறையில், பெஞ்சுகளின் மேல் எல்லாக் கட்சிச் சீட்டுகளும் அடுக்கடுக்காக இருக்கும். அதற்கு இருட்டறை என்று பெயர். காலி உறையோடு உள்ளே தனியாகப் போகிறவர் ஒரு சீட்டை எடுத்து உறையில் போட்டு ஒட்டி, வெளியே வந்து பெட்டியில் போடுவார். எந்தக் கட்சியின் அடுக்கு அங்கே இல்லையோ அந்தக் கட்சிக்கு ஓட்டும் இல்லை. அதனால் திருடர்கள் உண்டு. உறையை நக்கி ஒட்டும் நேரத்துக்குள் ஓர் அடுக்கையே சட்டைக்குள் தள்ளிக்கொள்கிறவர்கள் ஒரு ரகம். நோகாமல் சீட்டுகளின் ஓரத்தை மட்டும் கிழித்துச் செல்லாததாக்குகிறவர்கள் இன்னொரு ரகம். இத்தனை பேரிடமிருந்தும் மஞ்சளைக் காப்பாற்றுவதுதான் எல்பிதியாவின் வேலை. மணிக்கொருமுறை அதிகாரியைக் கூட்டிக்கொண்டு உள்ளே போவாள், கட்டைவிரலை நாக்கில் தொட்டு அடுக்கைப் புரட்டுவாள், நான்கு பக்கமும் தட்டி நேராக்குவாள். கைப்பையில் பின்னலுக்கு அடியில் எப்போதும் கையிருப்புச் சீட்டு இருக்கும்.

அந்தப் பழக்கம் தேர்தலோடு நிற்கவில்லை. மாதா கோவில் மணி அடித்தால் கடையில் எந்த வாடிக்கையாளர் நின்றாலும் எழுந்து உள்ளறைக்குப் போய் எட்டிப் பார்த்துவிட்டு வருவாள். அங்கே பார்க்க ஒன்றுமே இருக்காது. அவள் கணவரின் உடல் கூடத்தில் கிடந்த அன்று, வந்தவர்கள் அழுகிறார்களா என்று பார்க்காமல், பிரார்த்தனை அட்டைகளின் அடுக்கை நாலா பக்கமும் தட்டிக்கொண்டே நின்றாள். ஊர் அதைச் சொல்லிச் சொல்லிச் சிரித்தது.

அவளுடைய மஞ்சள் கட்சி, அதாவது மாகாண ஒற்றுமைக் கட்சி, பிறந்தது சமூக மன்றத்தின் பில்லியர்ட்ஸ் அறையில். பெற்றவர் அரிசி ஆலை முதலாளி தோன் பெலிசாரியோ லர்ராமெந்தி. மருத்துவச்சி வேலை பார்த்தவர்கள் இரண்டு டாக்டர்கள், ஒரு நோட்டரி, பாதிரியாரின் தம்பி. தலைநகரத்துக்காரன் நம் தலையில் உட்காரக் கூடாது, நிலம் வைத்திருப்பவன் நிம்மதியாகத் தூங்க வேண்டும் என்பதுதான் கொள்கை. முற்றிய நெல்லின் நிறம் என்பதால் மஞ்சள் என்று கட்சிக்காரர்கள் சொல்வார்கள். ஆலைக்கு அடித்து மிஞ்சிய பெயின்ட் மஞ்சள் என்று மற்றவர்கள் சொல்வார்கள். மாகாணத்தை அவர்கள் ஆண்ட காலத்தில் பாலம் வந்தது, ஆஸ்பத்திரி வந்தது. அந்த ஆஸ்பத்திரியில் ஆம்புலன்ஸ் ஓட்டியவர் எல்பிதியாவின் அப்பா. அங்கேயேதான் அவளும் பிறந்தாள். "வயித்துல இருக்கறப்பவே நான் மஞ்சள்" என்பாள்.

வயல் கூலிகளை லாரியில் ஏற்றி வந்து, சூப்பும் ரொட்டியும் போட்டு, ஏற்கெனவே ஒட்டிய உறையைக் கையில் கொடுத்து வரிசையில் நிறுத்தியதும் இதே கட்சிதான். அதைக் கேட்டால், "சாப்பாடு போட்டாங்கல்ல?" என்று திருப்பிக் கேட்பாள். அப்புறம் ஓட்டே இல்லாத வருஷங்கள் வந்தன. தளபதிகள் நாட்டை எடுத்துக்கொண்டார்கள். ஊர் மேயர் நாற்காலியில் ஒரு மஞ்சள்காரரைக் கூப்பிட்டு உட்கார வைத்தார்கள், அவரும் கோட்டைத் தட்டிவிட்டுக்கொண்டு உட்கார்ந்தார். அந்தக் குளிர்காலம் முழுவதும் ஃபெர்மின் ராணுவக் கொட்டடியில் இருந்தார். திரும்பி வந்தபோது வலது காலை இழுத்து இழுத்து நடந்தார். எல்பிதியாவுக்கு அது தெரியும். அந்தக் காலத்தைப் பற்றிப் பேச்சு வந்தால், "அப்பதான் நம்ம தெருவுக்கு ரோடு போட்டாங்க" என்று சொல்லிவிட்டு லேஸ் சுற்ற ஆரம்பித்துவிடுவாள். ஃபெர்மினிடம் அவள் ஒருநாளும் கேட்டதில்லை, அவரும் சொன்னதில்லை.

ஓட்டு திரும்பியதும் முதலில் ஜெயித்தது மஞ்சள்தான். பிறகு ஆசிரியர்களுக்கு மாதக்கணக்கில் சம்பளம் கொடுக்காமல் ஆட்சியைத் தொலைத்தார்கள். அதன் பிறகு எவன் கூப்பிட்டாலும் கூட்டணி. கொள்கையெல்லாம் பில்லியர்ட்ஸ் அறையோடு போயிற்று. இப்போது கட்சித் தலைவரும் வேட்பாளரும் தோன் பெலிசாரியோவின் பேரன் இக்னாசியோ, ஊருக்கு நாச்சோ. போன தேர்தலில் கட்சி இரண்டு சதவீதத்தைக்கூடத் தொடவில்லை. அடுத்தடுத்து இரண்டு முறை தொடாவிட்டால் அங்கீகாரம் ரத்து, பெயரும் நிறமும் போய்விடும் என்பது சட்டம். இந்த அக்டோபர் ஞாயிறு இரண்டாவது முறை.

"ரெண்டே ரெண்டு சதவீதம். பிச்சைக்காரன்கூட அதைவிட அதிகமா கேப்பான்" என்று வெள்ளிக்கிழமை முழுவதும் புலம்பினாள். சனிக்கிழமை கடையில் இருந்த நூல்கண்டுகளை எல்லாம் இறக்கித் திரும்ப அடுக்கினாள்.

ஞாயிறு காலை முதல் ஆளாக அவளே ஓட்டுப் போட்டாள். மேசை அதிகாரி ரொமினா என்ற இளம் ஆசிரியை. கொட்டாவியை அடக்கிக்கொண்டு உறைகளில் கையெழுத்துப் போட்டுக்கொண்டிருந்தாள். ஃபெர்மின் வெந்நீர்க் குடுவையோடு வந்து உட்கார்ந்தார். முதல் சோதனையில் மஞ்சள் அடுக்கு கம்பீரமாக இருந்தது. அடுத்த சோதனையில் அந்த இடத்தில் வெறும் பெஞ்சு.

எல்பிதியா பின்னலை ஒதுக்கினாள். கைப்பையிலிருந்து ஓர் அடுக்கை எடுத்து வைத்து, தட்டி நேராக்கிவிட்டு வந்து உட்கார்ந்தாள். பின்னல் மட்டும் வேகமாக ஓடியது. மத்தியானத்துக்கு மேல் மறுபடி உள்ளே போனாள். மறுபடி வெறும் பெஞ்சு. நீலம் இருக்கிறது, சிவப்பு இருக்கிறது, கூட்டணிக்காரர்களின் பச்சை கொழுகொழுவென்று இருக்கிறது. மஞ்சள் மட்டும் காணோம்.

வெளியே வந்தவள் நேராக ஃபெர்மினின் முன்னால் போய் நின்றாள். வரிசையில் பாதி ஊர் நின்றிருந்தது.

"பையைத் திற."

"என்ன தோனியா?"

"உன்னைத்தான். பையைத் திறன்னு சொன்னேன். நீதானே உள்ள போய்ப் போய் வர்றே? எங்களைக் குழியில இறக்கினாத்தான் உனக்குத் தூக்கம் வருமா? இத்தனை வருஷமா காத்துக்கிட்டிருந்தியா?"

'நீ' என்று அவள் அவரைக் கூப்பிட்டது அதுவே முதல்முறை. ரொமினா பதறி எழுந்தாள். "தோனியா எல்பிதியா, ப்ளீஸ், அவர் என்கூடத்தான் உள்ள வந்தாரு, நான் பார்த்துக்கிட்டுத்தான்..."

ஃபெர்மின் கையைக் காட்டி அவளை உட்கார வைத்தார். பையைத் திறந்து ஒவ்வொன்றாக மேசைமேல் எடுத்து வைத்தார். இலைப் பொட்டலம், இறைச்சித் துண்டு வைத்த ரொட்டி, மூக்குக் கண்ணாடிக் கூடு, கொஞ்சம் நீலச் சீட்டு. பிறகு பையைத் தலைகீழாகக் கவிழ்த்து உதறினார். ரொட்டித் தூள் விழுந்தது.

"சட்டையையும் கழட்டணுமா? ஒருதரம் உங்க ஆளுங்க மேயராபீஸ்ல வெச்சுக் கழட்டச் சொன்னாங்க. கழட்டினேன். பழக்கம்தான்."

எல்பிதியாவின் முகம் சிவந்து, அப்புறம் வெளுத்தது. மன்னிப்புக் கேட்க வாய் வரவில்லை, அவளுக்கு அது எப்போதுமே வராது. கையிருப்பில் கடைசியாக இருந்த அடுக்கைத் தூக்கிக்கொண்டு இருட்டறைக்குள் போனாள். வைத்துவிட்டு வெகுநேரம் வெளியே வரவில்லை.

நாலு மணி வாக்கில் நாச்சோ வந்தான். நல்ல பூட்ஸ், தைத்த மெத்தைபோல ஒரு கோட்டு, அக்டோபர் வெயிலில் அது எதற்கென்று யாரும் கேட்கவில்லை. எல்பிதியாவின் கன்னத்தில் சத்தமாக முத்தமிட்டான்.

"தோனியா எல்பி! நீங்க இல்லேன்னா கட்சி ஏது?"

"சீட்டைத் திருடறாங்க நாச்சோ. கட்சி ஆபீஸுக்குப் போன் போட்டுப் போட்டுக் கை வலிச்சுப் போச்சு, யாரும் எடுக்கல. கையில இருந்தது தீர்ந்துபோச்சு. இன்னும் ரெண்டு கட்டு அனுப்புப்பா."

"அனுப்பறேன், அனுப்பறேன். டென்ஷன் ஆகாதீங்க." உறையை வாங்கிக்கொண்டு உள்ளே போனான். ஒரு சீட்டை மடித்து வைக்க ஆகிற நேரத்தைவிடக் கொஞ்சம் அதிகமாக ஆயிற்று. வெளியே வந்து பெட்டியில் போட்டுவிட்டு, எல்லோருக்கும் கையாட்டிவிட்டுப் போனான்.

மாதா கோவில் மணி அடித்தது. எல்பிதியா எழுந்து உள்ளே போனாள். பெஞ்சு வெறுமையாக இருந்தது. வரிசை தீர்ந்ததும் அவள் பார்த்தபோது அடுக்கு அப்படியே இருந்தது; அதன்பிறகு உள்ளே போனது ஒரே ஆள்தான்.

முற்றத்தைத் தாண்டி, கேட்டைத் தாண்டி, அந்த வயதில் அவள் ஓடியதை அன்று பார்த்தவர்கள் இன்றும் சொல்கிறார்கள். நாச்சோ தன் வண்டியில் ஏறிக்கொண்டிருந்தான். கோட்டு கழன்று பக்கத்து சீட்டில் கிடந்தது. பின் சீட்டு முழுவதும் மஞ்சள். ஊரிலுள்ள எல்லாப் பள்ளிக்கூடத்து மஞ்சளும் அங்கே இருந்தது.

"எல்பி, எல்பி... கத்தாதீங்க, ஜனங்க பார்க்கறாங்க. சொல்றேன். பச்சைக் கூட்டணியோட பேசி முடிச்சாச்சு. நம்ம ஓட்டுப் பிரிஞ்சா பச்சை தோத்துடும். பச்சை ஜெயிச்சா நீர்ப்பாசனத் துறை எனக்கு. நம்ம ஆளுங்களுக்கெல்லாம் வேலை. கட்சின்னு ஒரு போர்டு போனா போகட்டுமே, நாம இருப்போம்ல?"

"அப்ப எதுக்குடா சீட்டு அச்சடிச்சே?"

"அச்சடிக்கலேன்னா தேர்தல் ஜட்ஜு கேள்வி கேப்பாரு. வெச்சுட்டு எடுத்தா யாரு கேப்பாங்க?"

"மத்த மேசைல இருக்கறவங்களுக்குத் தெரியுமா?"

அவன் ஸ்டியரிங்கைத் தடவினான். "உங்களைத் தவிர எல்லாருக்கும் தெரியும். உங்ககிட்ட சொன்னா ஒத்துக்க மாட்டீங்கன்னு தெரியும். அதுவும் நல்லதுதான், ஒரு மேசைலயாவது உண்மையா ஒருத்தர் உக்காந்திருந்தா பார்க்க நல்லாருக்குமில்ல?"

அவனை அறைந்திருக்கலாம். அவள் அறையவில்லை. பின் கதவைத் திறந்து, மேலே கிடந்த ஓர் அடுக்கைக் கையில் எடுத்தாள். "இது என் மேசையோடது" என்றாள். திரும்பி நடந்துபோய் அதைப் பெஞ்சில் வைத்து நான்கு பக்கமும் தட்டி நேராக்கினாள். மேசை மூடும்வரை அந்த அடுக்கை யாரும் தொடவில்லை. திருடவும் இல்லை, ஓட்டுப் போட எடுக்கவும் இல்லை.

எண்ணிக்கையில் பச்சை குவிந்தது, நீலம் குவிந்தது. மஞ்சள் அபூர்வமாக எட்டிப் பார்த்தது. ஓர் உறைக்குள் இருந்த மஞ்சள் சீட்டின் ஓரம் கிழிந்திருந்தது. ரொமினா அதைத் தூக்கிக் காட்டினாள். ஆட்சேபணை சொல்ல வேண்டியவர் எதிர்க்கட்சி ஏஜென்ட். இத்தனை வருஷத்தில் அப்படி ஒரு சீட்டை ஃபெர்மினும் விட்டதில்லை, எல்பிதியாவும் விட்டதில்லை. நகம் அளவு கிழிசலுக்குக்கூட மணிக்கணக்கில் கத்தியிருக்கிறார்கள்.

"செல்லும்னு போடும்மா" என்றார் ஃபெர்மின்.

எல்பிதியாவுக்கு அதைவிட அவமானம் அன்று முழுவதும் நேரவில்லை. சண்டை போடக்கூடத் தகுதி இல்லாமல் போயிற்றா தன் கட்சி? நாச்சோ சொன்னதைக் கேட்டபோது வராத கண்ணீர் அப்போது வந்தது. கண்ணாடியைக் கழற்றி, அதைத் துடைப்பதுபோலக் கண்ணைத் துடைத்துக்கொண்டாள்.

முற்றத்தில் சாமான்களைக் கட்டும்போது கேட்டாள். "உங்களுக்கு முன்னாடியே தெரியுமா?"

"காலையிலேயே பார்த்தேன். மருந்துக்கடைக்காரர் பையன் வெளிய வந்தப்ப இடுப்புல மஞ்சளா துருத்திக்கிட்டிருந்தது. உங்க கட்சிப் பையன்."

"ஏன் சொல்லல?"

"சொன்னா நம்பியிருப்பீங்களா?" குடுவையை மூடினார். "பெரோன்காரன் கதை கட்டறான்னு அப்பவே பையைத் திறக்கச் சொல்லியிருப்பீங்க."

அவள் மிஞ்சிய சீட்டுகளை எப்போதும்போல் கட்டிக்கொண்டு வீட்டுக்குப் போனாள்.

மாகாணம் முழுவதும் சேர்த்தும் இரண்டு சதவீதம் வரவில்லை. காலையில் ரேடியோ சொன்னபோது அவள் கடையைத் திறந்து ஷட்டரைத் தூக்கிக்கொண்டிருந்தாள், நிறுத்தவில்லை. பச்சைக்கட்சிக்காரர்கள் ஊருக்குள் ஹாரன் அடித்துக்கொண்டு போனார்கள். முதல் வண்டி நாச்சோவுடையது.

மத்தியானத்துக்கு முன்னால் ஃபெர்மின் சாலையைக் கடந்து வந்தார். தொப்பியைக் கையில் எடுத்துக்கொண்டார். சட்டையில் எல்லாப் பொத்தானும் இருந்தது.

"ஒரு பொத்தான். வெள்ளை."

யார் மூஞ்சி என்று அவர் கேட்கவில்லை. அவளுடைய கை பழக்கத்தில் நீல அடுக்குக்குப் போயிற்று, அங்கேயே நின்றது. பிறகு எழுந்து உள்ளறைக்குப் போனாள். டின்னின் மூடி திறக்கிற சத்தம் கேட்டது. ஒரு மஞ்சள் சீட்டோடு திரும்பி வந்து கவுன்டரில் விரித்தாள். நாச்சோ அதில் அழகாகச் சிரித்துக்கொண்டிருந்தான்.

"வேண்டாம் தோனியா" என்றார் ஃபெர்மின். "ஒத்தப் பொத்தான்தானே, பையில போட்டுக்கறேன்."

அவள் பொத்தானை நாச்சோவின் மூக்கின்மேல் வைத்தாள். இரண்டு காதுகளையும் உள்ளே மடித்தாள். நெற்றியைத் தாடைக்குள் செருகி, கட்டைவிரலால் ஓரத்தை அழுத்தி நேராக்கினாள். உதட்டிடுக்கிலிருந்து குண்டூசியை எடுத்து, நச்சென்று குத்தி, அவர் கையில் வைத்தாள்.